படகைத் தொங்கவிட்டவன்

படகு தண்ணீரில் இல்லை. முளையில் கட்டிய கயிற்றில், மூக்கு வானத்தைப் பார்க்க, வால் சேற்றைத் தொட, மீன்காரி வாடிக்கையாளரிடம் தூக்கிக் காட்டும் மீனைப் போலத் தொங்கிக்கொண்டிருந்தது. அதற்கு நேர் கீழே, படித்துறையின் கடைசிப் படியில், அதைக் கட்டியவன் தாடைக்குக் கை கொடுத்து உட்கார்ந்திருந்தான்.

ஆற்றங்கரையில் அவனுக்கு முடிச்சு என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் வேறு. அது அவனைப் பெற்றவளுக்கே சட்டென்று ஞாபகம் வராது. அவன் கட்டிய கயிறு தானாக அவிழ்ந்ததாகச் சரித்திரம் இல்லை. "அடுத்தவன் முடிச்சு தும்மினா அவுந்துடும். என் முடிச்சு நானே கெஞ்சினாலும் அவுறாது" என்று டீக்கடையில் சொல்லிக்கொண்டு திரிவான். அன்று விடிகாலையில் நிஜமாகவே கெஞ்சிப் பார்த்தான். அவிழவில்லை.

இந்த ஆறு முன்பெல்லாம் நாணயமான ஆறு. மழைக்காலத்தில் ஏறும், வெயில் காலத்தில் இறங்கும். எத்தனை முழம் கயிறு விடுவது என்று பருவத்தைப் பார்த்து முடிவு செய்தால் போதும். மேலே அணை கட்டி மின்சாரம் எடுக்கத் தொடங்கிய பிறகு அதன் குணம் கெட்டுப்போனது. நகரம் விளக்குப் போட்டால் தண்ணீர் வரும். நகரம் தூங்கினால் தண்ணீர் போகும். சாயங்காலம் மேல்படியை நனைத்துக்கொண்டிருக்கும் ஆறு, விடிவதற்குள் ஓர் ஆள் உயரம் இறங்கிவிடும். அதற்காகக் கயிற்றை நீளமாக விட்டால் படகுகள் ஒன்றை ஒன்று இடித்துப் பலகை தேயும். ஆகவே கரையில் முறை வைத்தார்கள். தினம் ஒரு வீட்டுக்காரர் இருட்டோடு எழுந்து வந்து, தண்ணீர் இறங்க இறங்க எல்லாப் படகின் கயிற்றையும் தளர்த்திவிட வேண்டும். இதில் யாரும் வாய்விட்டுச் சொல்லாத ஒரு மரியாதை உண்டு. அடுத்தவர் படகையெல்லாம் பார்த்துவிட்டுத்தான் தன் படகுக்கு வர வேண்டும். தன்னுடையதை முதலில் தளர்த்தியவன் அப்புறம் கரையில் தலை நிமிர்ந்து பீடி பற்றவைக்க முடியாது.

அன்று முடிச்சின் முறை. அவன் மரியாதையில் குறை வைக்கவில்லை. குறை வேறு இடத்தில் இருந்தது. அடுத்தவன் போட்ட முடிச்சைப் பார்த்தால் அவனுக்குக் கை அரிக்கும். தளர்த்திவிட்டு நகர வேண்டியவன், "இதெல்லாம் ஒரு கட்டா?" என்று முனகிக்கொண்டு ஒவ்வொன்றையும் முழுசாக அவிழ்த்து, தன் பாணியில் புதிதாகக் கட்டிக்கொண்டே வந்தான். ரொம்ப அழகாக வந்தது. கொஞ்சம் தள்ளி நின்று ரசிக்கவும் செய்தான். தன் படகை எட்டியபோது ஆறு அவனுக்காகக் காத்திருக்கவில்லை. படகின் எடை மொத்தமும் கயிற்றில் இருந்தது. முடிச்சு கல்லாக இறுகியிருந்தது. இடுப்பில் கத்தி இருந்தது, அறுக்கலாம். அறுத்தால் படகு படிக்கல்லில் விழுந்து பலகை பிளக்கும். அதனால்தான் உட்கார்ந்திருந்தான்.

வெளிச்சம் வந்ததும் கரையும் வந்துவிட்டது.

"என்னடா முடிச்சு, படகைத் துவைச்சுக் காயப்போட்டிருக்கியா?"

"இல்லண்ணே. ஆறு எங்க போச்சுன்னு அது எட்டிப் பாக்குது."

"எங்க படகெல்லாம் சூப்பரா இருக்கு பாரு. கட்டு என்னமா இருக்கு! கல்யாணப் பொண்ணு பின்னல் மாதிரி."

"ஊர்ப் படகுக்கெல்லாம் பின்னல் போட்டுட்டு சொந்தப் படகைத் தூக்குல போட்டிருக்கான்."

அவனும் சேர்ந்து சிரித்தான். தன்னைப் பற்றிய கேலியில் தானே முதல் ஆளாகச் சேர்ந்துகொள்வது அவன் வழக்கம். மற்றவர்கள் சீக்கிரம் களைத்துவிடுவார்கள். ஆனால் கண் மட்டும் படிக்கட்டின் மேலேயே இருந்தது. அவள் இன்னும் வரவில்லை.

அவள் என்றால் அவன் மனைவி. படகில் அவன் துடுப்பு, அவள் வலை. அவள் வீசினால் வலை தண்ணீரின் மேல் பெரிய வட்டமாக விரிந்து விழும். அவன் வீசினால் பழைய பாய் போலச் சுருண்டு விழும். மீன்கள் சத்தம் கேட்டு விலகி, பிறகு வேடிக்கை பார்க்கத் திரும்பி வரும் என்று அவனே சொல்வான்.

அவள் வந்தாள். மூக்கிலிருந்து வால் வரை ஒரு தடவை பார்த்தாள். முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு சேற்றில் இறங்கி, படகிலிருந்து கொட்டிக் கிடந்த சாமான்களைப் பொறுக்கத் தொடங்கினாள். வலை. தண்ணீர் இறைக்கும் டப்பா. அவளுடைய சின்ன ரேடியோ.

"நீ என்ன சொல்ற?" என்றான் அவன்.

அவள் ரேடியோவைக் கவிழ்த்தாள். கூழாகச் சேறு வழிந்தது. "உள்ள மண்ணு" என்றாள்.

'நீ என்ன சொல்ற' என்பது ஒரு மாதமாக அவன் கேட்டுவரும் கேள்வி. தொடங்கிவைத்தவர் மச்சான், அதாவது அவளுடைய அண்ணன். படகில் பாதி அவருடையது. மச்சானுக்கு ஆறு போதும் என்றாகிவிட்டது. அவரைக் குறை சொல்ல முடியாது. கரைப்புல்லில் மீன் சாயங்காலம் சினை போட்டுவிட்டுப் போகும். காலையில் தண்ணீர் இறங்கியிருக்கும், வெயிலில் சினை மணல்மணலாகக் காய்ந்து கிடக்கும். அணையின் அடியிலிருந்து வரும் தண்ணீரில் வண்டல் இல்லை. கண்ணாடி மாதிரி தெளிவு. நகரத்திலிருந்து வருபவர்கள் அழகு அழகு என்று படம் எடுப்பார்கள். அந்த அழகில் மீன் வலையைத் தூரத்திலேயே பார்த்துவிடும். மச்சான் நகரத்தில் ஒரு ஐஸ் ஃபேக்டரியில் இடம் பார்த்துவிட்டார். தனக்கு மட்டும் இல்லை, தங்கைக்கும் மாப்பிள்ளைக்கும் சேர்த்து. "ஆறு வந்தாலும் வராட்டாலும் ஐஸ் உறையும் மாப்ள" என்றார். படகுக்கும் ஆள் பிடித்திருந்தார். ஒரு ஹோட்டல்காரர். வாசலில் நிறுத்திவைத்து, உள்ளே மண் போட்டுப் பூச்செடி வைப்பாராம்.

அன்றிலிருந்து அவன் கேட்டுக்கொண்டிருந்தான். போறதா, இருக்கறதா, நீ என்ன சொல்ற? அடுப்புல பால் இருக்கு என்றாள். கொடியில துணி இருக்கு என்றாள். ஒரு நாள், நேருக்கு நேர் உட்கார்ந்து கேட்டபோது, உன் சட்டையில பொத்தான் இல்ல என்றாள். உண்மையில் இல்லை. ஆனால் பதில் அதுவல்ல.

சேற்றில் அவள் வலையை உதறிக்கொண்டிருந்தபோதுதான் மேலே ஜீப் வந்து நின்றது. அணை அலுவலகத்து அதிகாரி அம்மா. அன்று அவர் வருவதாக இருந்ததையே இந்தக் களேபரத்தில் எல்லோரும் மறந்துவிட்டார்கள். ஒருவர் மட்டும் மறக்கவில்லை, டீக்கடை அக்கா. மீனவர் சங்கத்தின் செயலாளர் அவர்தான். கரையில் மேசையும் நாற்காலியும் வைத்திருந்தது அவர் ஒருவர் என்பதால் அந்தப் பதவி அவருக்குப் போனது. குரலும் அதற்குத் தோதாக அமைந்துவிட்டது.

சங்கம் கேட்டது ஒன்றே ஒன்று. அணையில் ஒரு சங்கு இருக்கிறது. அங்கே வேலை செய்பவர்களுக்குச் சாப்பாட்டு நேரத்துக்கு ஊதுகிறார்கள். கரை வரைக்கும் கேட்கிறது. அதையே தண்ணீர் விடுவதற்கு முன்னும் நிறுத்துவதற்கு முன்னும் ஊதவேண்டும். அவ்வளவுதான். போன தடவை வந்தபோது அதிகாரி அம்மா, பரிசீலனையில் இருக்கிறது என்றார். அதற்கு முந்தின தடவையும் அங்கேதான் இருந்தது.

அவர் கைப்பையை மார்போடு அணைத்தபடி படி இறங்கி வந்தார். நல்ல மனுஷிதான், வெயிலில் வந்தாலும் முகம் சுளிக்கமாட்டார். பாதிப் படியில் தொங்கும் படகைப் பார்த்து நின்றுவிட்டார். படகு, கீழே கூட்டம், கூட்டத்தின் நடுவில் இடுப்பில் கத்தியோடு ஓர் ஆள்.

"இது... என்னங்க இது? போராட்டமா?"

முடிச்சு எழுந்தான். "ஐயோ இல்லம்மா. இது வந்து, என் தப்புதான். நான் என்ன பண்ணேன்னா..."

"நாங்கதான் கட்டினோம்."

குரல் சேற்றிலிருந்து வந்தது. அவள் முழங்கால் வரை சேற்றோடு, கையில் ரேடியோவோடு நின்றிருந்தாள்.

"ரொம்ப நாளா ஒரு கேள்வி கேக்கறோம். சங்கு ஊதுவீங்களா, மாட்டீங்களா? ஊதுவோம்னு சொல்லுங்க. இல்ல, மாட்டோம்னு சொல்லுங்க. நேரா ஒரு பதில் வர்ற வரைக்கும் இந்தப் படகு இறங்காது."

முடிச்சு திறந்த வாயை மூட மறந்து நின்றான். கொஞ்சம் முன்னால் கல்யாணப் பின்னலைப் பற்றிப் பேசியவர்கூட முகத்தைப் போராட்டத்துக்கு ஏற்றபடி மாற்றிக்கொண்டார்.

"அது பரிசீலனையில..." என்று தொடங்கினார் அதிகாரி அம்மா.

"கொண்டு வாங்கம்மா அந்தப் பரிசீலனைய" என்றார் டீக்கடை அக்கா. "அதையும் தொங்கவிட இன்னொரு முளை இருக்கு."

ஜீப் போன பிறகு அவன் மெதுவாக அவள் பக்கத்தில் இறங்கினான். "ஏம்மா, நெஜமாவா சொன்ன? இல்ல, என் மானத்தைக் காப்பாத்தவா?"

"வாலைத் தூக்கு. இப்படியே விட்டா சாயங்காலம் தண்ணி பின்னால ஏறி மூழ்கிடும்."

அதுவும் பதில் இல்லை. ஆனால் வேலை சரியான வேலை. ஆட்கள் சேர்ந்து வாலைத் தூக்கி, அதிலும் கயிறு கட்டி, இரண்டு முளைகளுக்கு நடுவில் படகைச் சமமாக நிறுத்தினார்கள். தொட்டில் மாதிரி ஆனது. சாயங்காலம் ஆறு ஏறிவந்து அதன் வயிற்றைத் தொட்டு மிதக்கவிட்டது. மறுநாள் காலையில் இறங்கிப்போய் அதை மறுபடி அந்தரத்தில் விட்டது.

அதைப் பார்த்துக்கொண்டே டீ குடித்தவர்களுக்கு விஷயம் பிடிபட்டது. "இதுல நமக்கு ஒரு சிரமமும் இல்லையே" என்றார் ஒருவர். "சாயங்காலம் ரெண்டு பக்கமும் குட்டையா கட்டிட்டு வீட்டுக்குப் போனா போதும். விடியறதுக்குள்ள அணையே தொங்கவிட்டுடும்."

"அவங்க தண்ணி, அவங்க செலவு" என்றார் டீக்கடை அக்கா.

அடுத்த நாள் காலையில் கரை முழுக்கப் படகுகள் தொங்கின. எல்லாவற்றையும் கட்டியது முடிச்சு. இந்த முறை சங்கமே கேட்டுக்கொண்டதால் அவன் முகத்தில் ஓர் உத்தியோகக் களை. பாலத்தின் மேல் போகிற பேருந்துகள் வேகம் குறைத்தன. ஜன்னல்களில் கைகள், கைகளில் செல்ஃபோன்கள். யாரோ எடுத்த படம் பத்திரிகையில் வந்தது. அதன் ஓரத்தில் வாயைப் பிளந்துகொண்டு நின்றவனைப் போராட்டத் தலைவர் என்று போட்டிருந்தார்கள். அவன் அந்தப் பக்கத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, கேட்டவர்களிடம், "வாய்ல ஈ பூந்துச்சுங்க, அந்த நேரம் பாத்து எடுத்துட்டான்" என்றான்.

ஆனால் விளையாட்டு இல்லை அது. படகு மேலே இருந்தால் வலையும் வீட்டில்தான். இருக்கிற கொஞ்ச மீனும் போயிற்று. உலை வைக்கிற நேரத்தில் வீடுகளில் பேச்சு தடித்தது. பலகைகள் வெயிலில் முனகின. இருந்தாலும் ஒருவர்கூடத் தன் படகை இறக்கவில்லை. இத்தனை நாள் ஆறு போன பிறகு கரையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தவர்கள், முதல் தடவையாக ஆற்றை எதையோ செய்ய வைத்திருந்தார்கள்.

மச்சான் வீட்டுக்கு வந்தார். ஒற்றை அறை, கட்டில், அடுப்பு, சுவரில் ஆணியில் வலை. அவர் வாசலிலேயே செருப்போடு நின்றார்.

"மாப்ள, என் பாதியை இறக்கு."

"எது மச்சான் உங்க பாதி? மூக்கா, வாலா?"

"நக்கலா? ஹோட்டல்காரர் பேப்பர்ல பாத்துட்டு ஃபோன் பண்றார். நம்ம படகு தொங்குதேன்னு கேக்கறார்."

"அவர் வாசல்லயும் தொங்கவிட்டுக்கலாம்னு சொல்லுங்க. பூ நல்லா காத்தாடும்."

"வாயைப் பாரு. இந்த வாய்க்கு ஐஸ் ஃபேக்டரியில வேலை வாங்கிக் குடுத்தேன் பாரு, என்னைச் சொல்லணும்." மச்சான் தங்கையிடம் திரும்பினார். "நீயாவது சொல்லும்மா. ஒரு வாரம் டயம் கேட்டு வெச்சிருக்கேன். அதுக்கப்புறம் அந்த இடத்துக்கு வேற ஆள். படகைக் குடுத்துட்டு மூணு பேரும் கெளம்பறோம். என்ன?"

அவள் வலையின் கிழிசலில் ஊசியைச் செலுத்திக்கொண்டிருந்தாள். "அண்ணே, அதுல என்ன பூ வைப்பாங்க?"

"எனக்கென்ன தெரியும். ரோஜாவா இருக்கும்."

"ம்" என்றாள். நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

மச்சான் போனதும் அவன் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தான். "நீ என்ன சொல்ற?"

"செருப்பைப் போட்டுட்டு உள்ள வராத, எத்தனை தடவை சொல்றது" என்றாள். மச்சான் வாசலில் உதிர்த்துவிட்டுப் போன மண்ணுக்கும் திட்டு அவனுக்குத்தான்.

அவள் போகிறேன் என்று சொன்னால் பின்னாலேயே போவான்; ஐஸ் கட்டியைத் தூக்கிக்கொண்டு, விரல் மரத்து, அங்கேயும் நாலு ஜோக் அடித்துக்கொண்டு நின்றிருப்பான். அது அவனுக்குத் தெரியும். அதனால்தான் பயமாக இருந்தது.

மச்சான் சொன்ன வாரம் முடியும் தறுவாயில் அதிகாரி அம்மா மறுபடி வந்தார். கூடவே அவருக்கும் மேலே உள்ள பெரிய அதிகாரி, கறுப்புக் கண்ணாடி, பளபளக்கும் ஷூ. நடுப்பகல். ஆறு அடியில் ஒடுங்கிக் கிடந்தது. தொங்கும் படகுகளின் நிழல்கள் சேற்றில் விழுந்திருந்தன. எல்லோரும் படிகளில் உட்கார்ந்திருந்தார்கள். மச்சானும் வந்திருந்தார், கையில் ஓர் அரிவாளோடு. தன் பாதியைத் தானே இறக்கிக்கொள்ளப் போவதாகச் சொல்லிவிட்டிருந்தார்.

பெரியவர் பேசினார். வளர்ச்சி பற்றிப் பேசினார். நகரத்தின் தேவை, நாட்டின் தேவை, ஒவ்வொருவரும் செய்ய வேண்டிய தியாகம். கீழே வந்து உட்கார்ந்து பேச அவருக்கு நாற்காலி போட்டிருந்தார் டீக்கடை அக்கா, அவர் உட்காரவில்லை.

"அதெல்லாம் சரிங்கய்யா" என்றார் அக்கா. "ஊதுவீங்களா?"

"எல்லா அம்சங்களையும் கருத்தில் கொண்டு, உரிய நேரத்தில்..."

"ஊதுவீங்களா?"

"ஒரு குழு அமைத்து..."

அப்போது ஆறு வந்தது.

அது வரும் நேரமே இல்லை. மேலே எங்கேயோ மழை கொட்டி, அணையைத் திறந்துவிட்டிருக்க வேண்டும். முதலில் ஓர் இரைச்சல், பிறகு வளைவில் நுரை, பிறகு சேறு முழுக்கக் காணாமல் போனது. பெரியவர் பேசிக்கொண்டிருந்த வாக்கியத்தை அங்கேயே விட்டுவிட்டுப் படியேறினார். நாற்காலி மிதந்து போனது. ஜீப்பின் கதவு சாத்தும் சத்தம் கேட்டது.

தண்ணீர் படகுகளின் வயிற்றைத் தொட்டது. மிதந்தன. எல்லோரும் மூச்சு விட்டார்கள். ஆனால் தண்ணீர் அங்கே நிற்கவில்லை. வழக்கமான கோட்டைத் தாண்டி ஏறியது. இரண்டு பக்கமும் குட்டையாகக் கட்டிய படகு மேலே வர முடியாமல் திணறியது. விளிம்பு தாழ்ந்தது. முதல் வாய்த் தண்ணீர் உள்ளே போனது.

"அறுங்கடா!" என்று கத்தினார் மச்சான். "அறு மாப்ள!"

யாரும் அறுக்கவில்லை. எல்லோரும் முடிச்சைப் பார்த்தார்கள். பத்திரிகையில் படம் வந்ததன் பலன். பதில் வரும்வரை இறங்காது என்று சொன்னது அவன் வீட்டு வாய். இப்போது அறுத்தால் பெரியவர் ஜீப்பிலிருந்து பார்த்துக்கொண்டிருப்பார். இதற்கு மேல் யாரும் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியதே இல்லை. அறுக்காவிட்டால் படகு போகும்.

அவனுக்கு ஒரு ஜோக்கும் வரவில்லை. அவன் தண்ணீரில் குதித்து, நீந்திப் போய், தன் படகில் ஏறி, டப்பாவை எடுத்து இறைக்கத் தொடங்கினான். ஆற்றை ஆற்றிலேயே ஊற்றினான். பார்க்கக் கிறுக்குத்தனமாகத்தான் இருந்தது. மறுபக்கம் விளிம்பில் ஒரு கை. அவள் ஏறினாள். ஒரு வார்த்தை பேசாமல் வாளியை எடுத்தாள். கரையில் அவ்வளவு பேரும் இறங்கினார்கள். ஒவ்வொரு படகிலும் ஆட்கள். டப்பா, வாளி, குண்டான், டீக்கடையின் பெரிய கெட்டில். கட்டிப்போட்ட படகுகளில் நின்றுகொண்டு, ஏறுகிற ஆற்றை வெளியே தள்ளிக்கொண்டிருந்தார்கள்.

படகு இன்னொரு தடவை அமிழ்ந்தது. திரும்பிப் பார்த்தால் மச்சான். அரிவாளைப் பலகையில் கொத்தி நிறுத்திவிட்டு, வெறுங்கையால் தண்ணீரை அள்ளி வீசினார். "முறைக்காத. என் பாதியைத்தான் இறைக்கறேன்."

அதிகாரி அம்மா ஓடவில்லை. படியில் முழங்கால் தண்ணீரில், கைப்பையைத் தலைக்கு மேலே தூக்கியபடி, செல்ஃபோனில் கத்திக்கொண்டிருந்தார். "என்கிட்ட ஏன் சொல்லல? இங்க ஆளுங்க இருக்காங்க! நான் இருக்கேன்! ஏன் யாருமே சொல்லல?"

"வாங்கம்மா, வரிசையில நில்லுங்க" என்று படகிலிருந்து குரல் கொடுத்தார் டீக்கடை அக்கா. "நாங்க உங்களுக்கு முன்னாடியே வந்தவங்க."

முடிச்சு இறைப்பதை நிறுத்தினான். "அம்மா!" என்றான். "ஒண்ணே ஒண்ணு. ஊதுவாங்களா?"

அவர் ஃபோனைக் காதிலிருந்து எடுத்தார். ஜீப்பைப் பார்த்தார். தொங்க முடியாமலும் மிதக்க முடியாமலும் நின்ற படகுகளைப் பார்த்தார்.

"மாட்டாங்க" என்றார். அது கரை முழுக்கக் கேட்டது. "பரிசீலனைன்னு ஒண்ணும் இல்ல. நீங்க கேட்டதை நான் மேல அனுப்பினேன். யாரும் படிக்கல. எப்ப தெறப்பாங்கன்னு எனக்கே தெரியாது."

பிறகு அக்கா கெட்டிலைக் கீழே வைத்தார்.

"எல்லாரும் கேட்டுக்கிட்டீங்களா? பதில் வந்துடுச்சு. அறுங்க!"

"இந்தப் பதிலுக்கா இத்தனை பாடு?" என்றார் யாரோ.

"பின்ன? இத்தனை நாளா கதவு எங்க இருக்குன்னே தெரியாம தட்டிட்டிருந்தோம். மாட்டேன்னு சொல்ற ஆளு எங்க இருக்கான்னு இப்ப தெரிஞ்சுபோச்சு. நாளைக்குப் படகை அணை வாசல்ல கொண்டுபோய்க் கட்டுவோம். முடிச்சு, கயிறு இருக்கா?"

"இருக்குக்கா!"

கத்திகள் எழுந்தன. கயிறுகள் ஒவ்வொன்றாகத் தெறித்தன. படகுகள் மூச்சு வாங்குவது போல ஒரு தடவை எம்பி, மேலே வந்தன. மச்சானின் அரிவாள் மூக்குப் பக்கம், அவன் கத்தி வால் பக்கம். பாதி நிறைந்த படகு கனமாக, தள்ளாடி, கரையை விட்டு நகர்ந்தது. அவள் நிமிராமல் இறைத்துக்கொண்டே இருந்தாள்.

அவனுக்கு வழக்கமான கேள்வி நாக்கின் நுனிக்கு வந்தது. அவன் அதை விழுங்கினான்.

"நான் போகல" என்றான். "ஐஸ் ஃபேக்டரிக்கு நான் வரல மச்சான். உங்க பாதியை நீங்க யாருக்கு வேணா குடுங்க. எனக்கு இங்கதான். மீன் இருக்கோ இல்லையோ. நாளைக்கு அணைக்குத்தான் போறேன்."

வாளி நின்றது. அவள் நிமிர்ந்து, முகத்தில் ஒட்டியிருந்த முடியை முழங்கையால் ஒதுக்கிவிட்டு அவனைப் பார்த்தாள்.

"இதைச் சொல்ல உனக்கு ஒரு மாசமா? தெனமும் நீ என்ன சொல்ற, நீ என்ன சொல்றன்னு என் உயிரை எடுத்தியே தவிர, நீ என்ன நெனைக்கறன்னு ஒரு தடவை வாயைத் தெறந்தியா? நான் போகலாம்னு சொல்லியிருந்தா வாலாட்டிக்கிட்டே பின்னால வந்திருப்ப. அப்புறம் சாகற வரைக்கும் ஆத்தைப் பத்தியே ஜோக் அடிச்சுட்டு இருந்திருப்ப."

"சரி. இப்ப?" என்றான் அவன்.

மச்சானும் அள்ளுவதை நிறுத்திவிட்டுத் தங்கையைப் பார்த்தார்.

"நான் எங்கயும் வரல அண்ணே" என்றாள் அவள். "படகையும் குடுக்க மாட்டேன். உன் பாதி உனக்கு வேணும்னா அறுத்து எடுத்துட்டுப் போ, மிச்சத்துல நின்னு நான் வலை வீசிக்கறேன்."